லூசியேனும் செல்லத்தாயி வீட்டுக் கதவும்

புதுச்சேரிக்காரர்களுக்குக் கொஞ்ச காலம் முன்புவரை கடலூரே வெளிநாடுதான். எல்லையில் பஸ் நிற்கும். சுங்கக்காரர் ஏறிவந்து பைகளைக் கிளறுவார். எங்கள் பெரியம்மா மடியில் வைத்திருக்கும் முறுக்கு டின்னைக்கூட விடமாட்டார். திறந்து பார்த்து, ஒன்றைக் கடித்தும் பார்ப்பார். பிரெஞ்சுக்காரர்கள் கொடியை இறக்கிக்கொண்டு போன பிறகு அந்தக் கெடுபிடியெல்லாம் ஒழிந்தது. கூடவே, நினைத்தபோது வெளிநாடு போய்வருகிற எங்கள் பெருமையும் ஒழிந்தது. அந்தக் குறை தீரத்தான் கடவுள் என்னைக் கொடைக்கானலுக்கு அனுப்பினார் என்று நினைக்கிறேன்.

நான் பெண்கள் பள்ளியில் பிரெஞ்சு கற்பிக்கிறவள். ஒருநாள் தலைமையாசிரியை கூப்பிட்டு, பழனி மலையில் படம் எடுக்கப் பாரிஸிலிருந்து ஒரு குழு வருகிறது, இரண்டு பாஷையும் தெரிந்த பெண் ஒருத்தி துணைக்கு வேண்டுமாம் என்றார். "குளிர் உனக்கு ஒத்துக்கொள்ளுமா?" என்று கேட்டார். அதுவரை நான் குளிரைப் பார்த்ததே இல்லை. நன்றாக ஒத்துக்கொள்ளும் என்று சொல்லிவிட்டேன்.

வருகிறவள் லூசியேன் என்று தெரிந்ததும் எனக்குத் தலைகால் புரியவில்லை. அவளை எங்கள் ஊர்த் திரையில் பலமுறை பார்த்திருக்கிறேன். எல்லாப் படத்திலும் ஒரே வேலைதான். கண்ணாடி ஜன்னலுக்குப் பின்னால் நின்று அழுவாள். வெளியே ஒருவன் ரயிலேறிப் போவான். நானும் என் மாணவிகளும் கொட்டகையில் கைக்குட்டை நனைய நனைய அழுதிருக்கிறோம். அப்படிப்பட்டவள் எதிரே வந்து நின்றால் எப்படிப் பேசுவது என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்துக்கொண்டே போனேன்.

கொடைரோடு ஸ்டேஷனில் கால்சட்டை போட்ட நெட்டையான ஒரு பெண், தலையில் கைக்குட்டையைக் கட்டிக்கொண்டு, வேர்க்கடலையைத் தோலோடு மென்றபடி என்னை நோக்கி வந்தாள். "நீங்கள்தான் டீச்சரா? முதல் வேலையாக, கழிப்பறை எங்கே இருக்கிறது என்று கேட்டுச் சொல்லுங்கள். மற்றதெல்லாம் அப்புறம்" என்றாள். அதுதான் லூசியேன். என் ஒத்திகையெல்லாம் வீணாய்ப் போயிற்று. ஆனால் அந்த நிமிஷமே எனக்கு அவளைப் பிடித்துப்போனது.

அவளோடு தாடி வைத்த ஒரு காமிராக்காரரும், அவருக்கு உதவியாட்களும், மொரேல் என்று ஒருவரும் வந்திருந்தார்கள். மொரேல் படக் கம்பெனியின் ஆள். குட்டையாக, சிவப்பாக, எந்நேரமும் எதையோ இழந்துவிட்டவர் மாதிரி இருப்பார். இன்னும் படம் பிடிக்காத பிலிம் டப்பாக்களை அவர்தான் காவல் காத்தார். பெட்டியைத் திறந்து ஒரு டப்பாவைக் கொடுக்கும்போதெல்லாம் பெண்ணைக் கட்டிக்கொடுத்து அனுப்புகிற தகப்பன் போலப் பெருமூச்சு விடுவார். நம் நாட்டுத் தண்ணீரைத் தொடமாட்டார் என்பதால் பாட்டில் தண்ணீரும் ஒரு பெட்டி நிறைய வந்திருந்தது.

மலைப்பாதையில் பாதி தூரம் ஏறியதும் எங்கள் வேன் கொதித்து நின்றது. டிரைவர் சேவியர் இறங்கி மூடியைத் திறந்தார். குபுகுபுவென்று ஆவி கிளம்பியது. "ஒண்ணுமில்லீங்க டீச்சரம்மா, தண்ணி கேக்குது. ஊத்துனா வெரசாப் போயிரும்" என்றார். சுற்றிலும் பாறையும் காடும்தான். பக்கத்தில் ஓடை ஒன்றும் இல்லை. சேவியர் யாரையும் கேட்கவில்லை. மொரேலின் பெட்டியைத் திறந்து, பாட்டில் பாட்டிலாக எடுத்து ரேடியேட்டரில் கவிழ்த்தார். மொரேல் மறுபக்கம் நின்று பள்ளத்தாக்கைப் பார்த்துக்கொண்டிருந்தார். திரும்பியபோது எல்லாம் முடிந்திருந்தது. அன்று முதல் அவர் எங்கள் எல்லோரையும் போல டீ குடிக்க ஆரம்பித்தார். நிறமும் கொஞ்சம் தெளிந்தது.

எனக்கோ ஒவ்வொரு வளைவிலும் வயிறு தொண்டைக்கு வந்தது. வத்தலக்குண்டில் வாங்கிய எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டு கண்ணை மூடிக்கொண்டேன். லூசியேன் என் முதுகைத் தடவியபடியே, என் கவனத்தைத் திருப்புவதற்காகத் தன் கதையைச் சொல்லிக்கொண்டு வந்தாள்.

பதினாறு வயதில் லியோன் நகரத்து நாடகக் கொட்டகையில் அவளுக்குக் கிடைத்த முதல் வேஷம், தட்டோடு வந்து "சூப் தயார்" என்று சொல்லிவிட்டு உள்ளே போவது. சில நாள் அதையே சொல்லிப் பார்த்தாள். சலித்துப்போனது. ஒரு நாள், "சூப் தயார். ஆனால் உப்புக் கூடிவிட்டது" என்று சேர்த்துச் சொன்னாள். கொட்டகையே சிரித்தது. முதலாளி கூப்பிட்டுக் கன்னாபின்னாவென்று திட்டினார். மறுநாள், அந்த உப்புக்காரி இன்றும் உண்டா என்று டிக்கெட் வாங்குகிறவர்கள் கேட்டார்களாம்.

"அன்றைக்குப் பிடித்த வியாதி டீச்சர். யார் எழுதிக் கொடுத்த வசனத்தையும் அப்படியே பேச எனக்கு வரவில்லை" என்றாள்.

பிறகு பாரிஸ், சினிமா, ஜன்னல், அழுகை. அழகாக அழுகிறாள் என்று பெயர் வந்துவிட்டதால் வேறு எதுவும் செய்ய விடவில்லை. அவளோ, படப்பிடிப்பின் நடுவில் சிகரெட் அட்டையின் பின்புறம் தன் வசனத்தைத் திருத்தி எழுதிக் கொடுப்பாள். டைரக்டர்கள் வாங்கிப் படித்துவிட்டு, "அட, நானே இதைத்தான் நினைத்தேன்" என்பார்களாம். கடைசியில் முழுக் கதையாகவே ஒன்றை எழுதி, ஊரிலே இல்லாத ஓர் ஆண்பிள்ளைப் பெயரைப் போட்டுத் தபாலில் அனுப்பினாள். கம்பெனிக்காரர்கள் கொண்டாடினார்கள். அதைப் படமாக எடுத்து அவளையே நடிக்கக் கூப்பிட்டார்கள். அவள் எழுதியதை அவளே பேசினாள். படம் வெளியான அன்று அந்த இல்லாத ஆசாமிக்கு ஒரு பூச்செண்டு வேறு வந்ததாம். நான் எலுமிச்சம்பழத்தை மறந்து சிரித்துவிட்டேன்.

"இப்போது?" என்றேன்.

"இப்போது என் பெயரிலேயே எழுதியிருக்கிறேன். நடிப்பதும் நான், டைரக்டரும் நான். முதல் தடவை." குரலைத் தாழ்த்தி, முன் சீட்டில் இருந்த மொரேலின் பின்னந்தலையைக் காட்டினாள். "கொண்டுவந்திருக்கிற பிலிமுக்குள் மலைக் காட்சிகளை முடிக்க வேண்டும். முடிக்காவிட்டால் கம்பெனி வேறு டைரக்டரைப் போட்டுப் படத்தை முடிக்கும். நான் மறுபடியும் ஜன்னலுக்குப் போய்விட வேண்டியதுதான்."

அதைச் சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். ஆனால் என் முதுகில் இருந்த கை நின்றுவிட்டது.

கொடைக்கானலில் எங்களுக்கு ஒரு பழைய பங்களா. அதைப் பார்த்துக்கொண்டவர் வேதமணி. மிஷன்காரர்களிடம் சமையல் பழகியவர். வெள்ளைக் கோட்டுப் போட்டுக்கொண்டு, பாதி ஆங்கிலம் கலந்து பேசுவார். வந்தவர்கள் பிரெஞ்சுக்காரர்கள் என்று கேள்விப்பட்டு, காலையில் ஒரு பெரிய தட்டை மூடி எடுத்து வந்தார். "ஸ்பெஷலா செஞ்சேன் மேடம். ஒங்க கன்ட்ரி ஐட்டம். பிரெஞ்ச் டோஸ்ட்!" என்று மூடியைத் திறந்தார்.

லூசியேன் உற்றுப் பார்த்தாள். காமிராக்காரர் உற்றுப் பார்த்தார். முட்டையில் தோய்த்துப் பொரித்த ரொட்டியை அவர்கள் ஊரில் வேறு பெயரில் சொல்வார்கள். பழைய ரொட்டியை வீணாக்காமல் இருக்க வீட்டில் செய்வது. அதை விருந்தாளிக்கு வைப்பது எங்களூரில் பழையதை இலை போட்டுப் பரிமாறுவது மாதிரி. நான் எதையும் மொழிபெயர்க்கவில்லை. லூசியேன் இரண்டு துண்டு தின்றுவிட்டு எழுந்து வேதமணியின் கையைக் குலுக்கினாள். அதிலிருந்து நாங்கள் மலையை விட்டு இறங்கும்வரை தினமும் காலையில் பிரெஞ்ச் டோஸ்ட்தான்.

கொடைக்கானல் எனக்குப் பிடிபடச் சில நாள் ஆயிற்று. எங்கள் ஊரில் தெருக்கள் நூல் பிடித்தாற்போல் போகும். தண்ணீர் கொட்டினால் அங்கேயே கிடக்கும். இங்கே எதுவும் நேராக இல்லை. தபாலாபீசுக்குப் போக இறங்க வேண்டும், திரும்பி வர மூச்சு வாங்க வேண்டும். தை மாசக் குளிரில் புல்லெல்லாம் காலையில் வெள்ளையாகக் கிடந்தது. நான் உப்பு என்று நினைத்துத் தொட்டுப் பார்த்தேன். புடவைக்கு மேல் ஸ்வெட்டர், அதற்கு மேல் சால்வை, அதற்கு மேல் மொரேலின் பழைய கோட்டு. கண்ணாடியில் பார்த்தபோது சந்தைக்குப் போகிற மூட்டை போலிருந்தேன்.

ஏரிக்கரையிலும் காட்டிலும் எடுக்க வேண்டியதை முதல் சில நாட்களில் எடுத்துவிட்டார்கள். லூசியேன் வேலை செய்வதைப் பார்க்க வேடிக்கையாக இருக்கும். காமிராவுக்குப் பின்னால் நின்று அதட்டுவாள். பிறகு ஓடிப்போய்க் காமிராவுக்கு முன்னால் நின்று, அவ்வளவு நேரம் அதட்டியவள் யாரோ என்பது போல முகத்தை மாற்றிக்கொள்வாள். முடிந்ததும் ஓடி வந்து, "அந்தப் பெண் எப்படி நடித்தாள்?" என்று என்னைக் கேட்பாள். சுமார்தான் என்று சொன்னால் ஒத்துக்கொள்வாள்.

மிச்சம் இருந்தது கடைசிக் காட்சி. அதற்காகத்தான் வடகவுஞ்சி என்ற மலைக் கிராமத்துக்குப் போனோம்.

லூசியேன் எழுதிய கதை எளிமையானது. செடிகொடி சேகரிக்க இந்த மலைக்கு வந்த கணவன் காணாமல் போகிறான். மனைவி தேடி வருகிறாள். ஊர் ஊராக நடக்கிறாள். கடைசியில் ஒரு வீட்டில் தாகத்துக்குத் தண்ணீர் கேட்கிறாள். கதவை முகத்தில் அறைந்தாற்போல் சாத்திவிடுகிறார்கள். அங்கேதான் அவள் மனம் விட்டுப்போய்த் திரும்பி நடக்கிறாள். அந்தக் கதவைச் சாத்தாவிட்டால் படத்துக்கு முடிவே கிடையாது.

கதவுக்குச் சொந்தக்காரி செல்லத்தாயி. பூண்டுத் தோட்டம், மாடு, ஓட்டு வீடு, நீலம் அடித்த கதவு எல்லாம் உள்ளவள். ஊரில் எந்த வழக்கென்றாலும் முதலில் அவளிடம்தான் வரும். அவள் புருஷன் நல்ல மனிதர்; அவள் பேசி முடித்த பிறகு தலையாட்டுவார். சினிமாவில் நடிக்க வேண்டும் என்று சொன்னதும் செல்லத்தாயி கொஞ்சம்கூட வெட்கப்படவில்லை. "மொகத்துக்கு நேரா சாத்தணும், அம்புட்டுத்தானே? பாருங்க" என்று சாத்தினாள். நிலை அதிர்ந்து ஓட்டிலிருந்து தூசி விழுந்தது. காமிராக்காரர் கைதட்டினார். மொரேல் பெருமூச்சு விடாமல் ஒரு டப்பாவை எடுத்துக் கொடுத்தார்.

லூசியேன் உதட்டில் மண்ணைத் தேய்த்துக்கொண்டு, செருப்பைக் கழற்றி எறிந்துவிட்டுப் பாதையில் வந்தாள். அவள் நடந்து வந்ததைப் பார்த்து எனக்கே ஓடிப்போய்த் தண்ணீர் கொடுக்கலாம் போலிருந்தது. கதவைத் தட்டினாள். செல்லத்தாயி திறந்தாள். லூசியேன் கையைக் குவித்து வாயருகே கொண்டுபோய்க் காட்டினாள்.

"அடி ஆத்தீ! இந்த வெயில்ல இப்படியா வருவ? வா தாயி, உள்ள வா!" என்று செல்லத்தாயி அவள் தோளை அணைத்து உள்ளே இழுத்துக்கொண்டு போய்விட்டாள்.

டைரக்டரே வீட்டுக்குள் போய்விட்டதால் யார் நிறுத்தச் சொல்வது என்று தெரியவில்லை. காமிரா வெறும் கதவைப் பார்த்து ஓடிக்கொண்டிருந்தது. மொரேல்தான் கத்தி நிறுத்தினார். நான் உள்ளே ஓடினேன். லூசியேன் பாயில் உட்கார்ந்து சுக்குத் தண்ணி குடித்துக்கொண்டிருந்தாள்.

"இது நடிப்புங்க" என்றேன்.

"எனக்குத் தெரியாதா டீச்சரம்மா? ஆனா அந்தப் பிள்ள மொகத்தப் பாத்தா கை கதவுக்குப் போக மாட்டேங்குது. இப்பப் பாருங்க, நான் மொகத்தப் பாக்கவே மாட்டேன்."

இரண்டாம் முறை முகத்தைப் பார்க்கவில்லை. சொன்னபடி கதவைச் சாத்தினாள். அருமை என்று நான் நினைத்தேன். லூசியேன் தளர்ந்து திரும்பினாள். அப்போது பக்கத்து ஜன்னல் மெதுவாகத் திறந்து, ஒரு கை சொம்போடு வெளியே வந்தது. "ஸ்... ஸ்... தாயி, இந்தா" என்று குரலும் வந்தது. காமிராக்காரர் சிரித்த சிரிப்பில் காமிரா ஆடிப்போயிற்று.

மூன்றாம் முறைக்கு ஜன்னலை வெளியிலிருந்து கயிறு போட்டுக் கட்டினோம். கதவைச் சாத்தினாள். ஜன்னல் திறக்கவில்லை. லூசியேன் வாசலில் நின்று அந்தக் கதவைப் பார்த்தாள். இந்தத் தடவை முடிந்தது என்று மொரேல்கூட முன்னால் வந்தார். எதிர்வீட்டு ராக்கம்மா, அதுவரை சுவரோரம் நின்று வாய் மூடிப் பார்த்துக்கொண்டிருந்தவள், செம்புத் தண்ணீரோடு விறுவிறுவென்று காமிராவுக்குள் நுழைந்தாள். "ஏத்தா செல்லத்தாயி! ஒனக்கு என்ன கேடு வந்துச்சு? தண்ணி கேட்ட பிள்ளைக்கிக் கதவச் சாத்துறியே, நீயெல்லாம் ஒரு பொம்பளையா?" என்று கதவை உதைத்தாள். உள்ளிருந்து செல்லத்தாயி, "நானா சாத்துனேன்? அவுக சாத்தச் சொன்னாக!" என்று கத்தினாள். அதற்கப்புறம் அங்கே நடந்த பேச்சை நான் மொழிபெயர்க்கவில்லை. பிரெஞ்சில் அதற்கு வார்த்தைகள் இருக்கின்றன, ஆனால் பள்ளியில் கற்பிப்பதில்லை.

சரி, வேறு பெண்ணைப் போட்டுப் பார்ப்போம் என்றாள் லூசியேன். வீடு வீடாகப் போய்க் கேட்டேன். ஒருத்தியும் வரவில்லை. காரணத்தைச் செல்லத்தாயியே சொன்னாள்: "டீச்சரம்மா, இதக் கொண்டுபோயி ஒங்க சீமையில ஊருக்கெல்லாம் காட்டுவீக. வடகவுஞ்சிக்காரி தாகத்துக்குத் தண்ணி குடுக்க மாட்டா, கதவச் சாத்துவான்னு பேராகிப்போகும். எங்க சாமிக்கு நாங்க என்னான்னு பதில் சொல்றது?"

நான் அதை லூசியேனிடம் சொன்னேன். அவள் கழற்றி எறிந்த செருப்பைத் தேடி எடுத்து மாட்டிக்கொண்டாள். மொரேல் பெட்டியைத் திறந்து காட்டினார். ஒரே ஒரு டப்பா மிச்சம். "நாளைக் காலை வரை பார்க்கிறேன்" என்றார் மெதுவாக. "அதற்குள் முடியாவிட்டால் வெறும் கதவை மட்டும் நம் காமிராக்காரர் எடுத்துக்கொள்வார். மிச்சத்தைப் பாரிஸில் வேறு டைரக்டர் பார்த்துக்கொள்வார். எனக்கும் மேலே ஆட்கள் இருக்கிறார்கள் லூசியேன்." காமிராக்காரர் தலை குனிந்துகொண்டார்.

சாயங்காலம் பங்களாவில் கணப்பு மூட்டி வேதமணி கோழி சூப் கொண்டுவந்து வைத்தார். லூசியேன் தொடவில்லை. கொஞ்ச நேரம் கழித்து என்னிடம், "டீச்சர், எனக்குள்ளே மூன்று பேருக்குச் சண்டை. நடிகைக்கு ஏக சந்தோஷம். தன் நடிப்பில் ஓர் ஊரே மயங்கிவிட்டது என்கிறாள். டைரக்டர் அவள் கழுத்தை நெரிக்க நிற்கிறாள். எழுத்தாளர் மட்டும் வாயே திறக்கவில்லை" என்றாள்.

"அப்படியானால் குற்றவாளி அந்த மூன்றாவது ஆள்தான்" என்றேன். எனக்கு வாய்த் துடுக்கு அதிகம். பள்ளியிலும் இதனால் கெட்ட பெயர் உண்டு. "செல்லத்தாயி கதவை நன்றாகத்தான் சாத்துகிறாள். நீங்கள் எழுதிய கதவுதான் இந்த ஊர்க் கதவு இல்லை."

சொன்ன பிறகுதான் பயம் வந்தது. ஆனால் லூசியேன் கோபப்படவில்லை.

"எங்கள் ஊர்க் கதவும் இல்லை" என்றாள். "நான் டைரக்ட் செய்ய வேண்டும் என்று பாரிஸில் எத்தனை கம்பெனி ஏறி இறங்கினேன் தெரியுமா? ஒருவர்கூட என் முகத்தில் கதவைச் சாத்தவில்லை. எல்லோரும் எழுந்து நின்றார்கள். உட்கார நாற்காலி, குடிக்க அருமையான காபி. கோட்டைக்கூட வாங்கி மாட்டினார்கள். என் கதைக் கட்டை மேஜையில் வைப்பேன். அதைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை பேசமாட்டார்கள். காபி முடிந்ததும் கோட்டை எடுத்துக் கொடுப்பார்கள். வெளியே வந்து தெருவில் நிற்கும்போதுதான் துரத்திவிட்டார்கள் என்று தெரியும்." பிறகு சட்டென்று திரும்பினாள். "உங்கள் ஆட்கள் ஒருவரைப் பிடிக்காவிட்டால் என்ன செய்வார்கள்?"

"எங்கள் பெரியம்மா சோறு போடுவார்" என்றேன்.

"பிடிக்காதவர்களுக்கா?"

"எல்லோருக்கும் போடுவார். ஆனால் பிடித்தவர்களை, 'இன்னும் கொஞ்சம் போட்டுக்கொள், ஏன் இளைத்துவிட்டாய், பிள்ளைகள் எப்படி இருக்கிறார்கள்' என்று பிடுங்கி எடுத்துவிடுவார். பிடிக்காதவர்களிடம் எதையும் கேட்கமாட்டார். இலையில் போடுவார், எடுப்பார், அவ்வளவுதான். எங்கள் சித்தப்பா ஒருவர் அப்படிச் சாப்பிட்டுவிட்டுப் போனவர், அதற்கப்புறம் வீட்டுப் பக்கமே வரவில்லை."

லூசியேன் என்னைக் கட்டிப்பிடித்துக் கன்னத்தில் முத்தமிட்டாள். சூப்பை ஒரே மூச்சில் குடித்தாள். பிறகு வேதமணியிடம் பென்சில் வாங்கிக்கொண்டு, கையில் கிடைத்த சிகரெட் அட்டையில் எழுத ஆரம்பித்தாள்.

மறுநாள் வெள்ளனே வடகவுஞ்சிக்குப் போய்விட்டோம். செல்லத்தாயியை உட்காரவைத்து, புதிய காட்சியைச் சொன்னேன்.

"தண்ணி குடுக்கலாமா?" என்று முதலில் கேட்டாள்.

"தாராளமாகக் கொடுங்கள். ஆனால் கையில் கொடுக்கக் கூடாது. கீழே வைக்க வேண்டும். வா என்று சொல்லக் கூடாது. உட்கார் என்று சொல்லக் கூடாது. எந்த ஊர், எதற்கு வந்தாய் என்று எதையும் கேட்கக் கூடாது. குடித்ததும் சொம்பை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட வேண்டும்."

செல்லத்தாயி என்னை ஏற இறங்கப் பார்த்தாள். "யாத்தே! இதுக்குக் கதவச் சாத்துறதே தேவலையே!"

"அப்படியானால் சாத்துகிறீர்களா?"

"வேணாம் வேணாம். இது எனக்கு வரும். எங்க நாத்தனா வந்தா இப்படித்தானே செய்யிறேன்" என்றாள். புருஷன் தலையாட்டினார்.

மொரேல் கடைசி டப்பாவைக் கொடுத்தார். நான் ராக்கம்மாவின் பக்கத்தில் போய் நின்று அவள் கையை இறுகப் பிடித்துக்கொண்டேன். காமிரா ஓட ஆரம்பித்தது.

லூசியேன் வந்தாள், கதவைத் தட்டினாள், கையைக் குவித்துக் காட்டினாள். செல்லத்தாயி உள்ளே போய்ச் சொம்பு கொண்டுவந்து வாசற்படியில் வைத்தாள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு, தோட்டத்துப் பக்கம் ஏதோ மாட்டைப் பார்க்கிறவள் போல நின்றாள். லூசியேன் குனிந்து எடுத்துக் குடித்தாள். குடித்துவிட்டு, கணவனைப் பற்றிக் கேட்க வாயெடுத்தாள். செல்லத்தாயி அதற்குள் சொம்பை வாங்கிக் கவிழ்த்து, மிச்சத் தண்ணீரை உதறிவிட்டு உள்ளே போய்விட்டாள். கதவைச் சாத்தவில்லை. கதவு அகலத் திறந்தே கிடந்தது.

அந்தத் திறந்த கதவுக்கு முன்னால் லூசியேன் நின்றாள். அவள் முகத்தில் வந்ததை நான் எந்தப் படத்திலும் பார்த்ததில்லை. அழவில்லை. ஏதோ ஒன்று புரிந்துவிட்டது மாதிரி ஒரு பார்வை. பிறகு திரும்பி, வந்த பாதையிலேயே நடந்தாள். நிறுத்தச் சொல்ல வேண்டியவளே நடந்து போய்க்கொண்டிருந்ததால் யாரும் நிறுத்தவில்லை. பூண்டு வயலைத் தாண்டி, பாதை இறங்குகிற இடத்தில் தலை மறைகிறவரை போனாள். டப்பாவில் இருந்த பிலிம் தீர்ந்து காமிரா தானாக நின்றது. ராக்கம்மா என் கையைப் பிடித்த பிடியில் வளையல் நெளிந்திருந்தது. "என்னா பொம்பள டீச்சரம்மா அவ, செல்லத்தாயி! கதவச் சாத்தியிருக்கலாம்ல?" என்று மூக்கைச் சிந்தினாள்.

எங்கோ பள்ளத்திலிருந்து லூசியேனின் குரல் கேட்டது: "முடிந்ததா?"

"முடிந்தது!" என்று நாங்கள் எல்லோரும் ஒரே சமயத்தில் கத்தினோம். காமிராக்காரர் தொப்பியைத் தூக்கி எறிந்தார். அவள் பாவாடையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓடி வந்தாள். அவள் வந்து சேர்வதற்குள் செல்லத்தாயி வீட்டுக்குள்ளிருந்து பாய்ந்து வந்து, "வா தாயி வா, பாவத்தக் கட்டிக்கிட்டேனே" என்று அவளை அணைத்து, எங்கள் எல்லோரையும் உள்ளே விரட்டினாள்.

பூண்டுக் குழம்பு, பட்டர் பீன்ஸ் பொரியல், நாட்டுக்கோழி. முழுப் பூண்டைப் பிதுக்கிச் சோற்றில் பிசைய மொரேலுக்கு ராக்கம்மாதான் சொல்லிக் கொடுத்தாள். அவர் மூன்றாம் முறை சோறு வாங்கினார். செல்லத்தாயி அடக்கி வைத்திருந்த கேள்வியையெல்லாம் அவிழ்த்துவிட்டாள். ஊர் எது, ஆத்தா அப்பன் இருக்காகளா, கல்யாணம் ஏன் ஆகலை, இம்புட்டு ஒல்லியா இருந்தா யாரு கட்டுவா, அந்தத் தாடிக்காரரு தனியாளா? நான் சாப்பிட நேரமில்லாமல் மொழிபெயர்த்துக்கொண்டிருந்தேன். கடைசிக் கேள்வியை மட்டும் விட்டுவிட்டேன்.

"அது கெடக்கட்டும் டீச்சரம்மா" என்றாள் செல்லத்தாயி, லூசியேனின் இலையில் இன்னொரு கரண்டி குழம்பு விட்டபடி. "அடுத்த படத்துல எனக்கு வாய் நெறையப் பேச்சு வேணும்னு சொல்லுங்க. ஊமையா நிக்கிறது நம்மால ஆகாது."

நான் சொன்னேன். லூசியேனின் கை இலையிலேயே நின்றுவிட்டது. அடுத்த படம் என்று அவள் வாயால் சொல்ல முடியாது. அது அவள் கையில் இல்லை. அவள் மொரேலைப் பார்த்தாள். காமிராக்காரரும் பார்த்தார். நானும் பார்த்தேன்.

மொரேல் பூண்டுத் தோலை இலை ஓரத்தில் ஒதுக்கினார். விரலை நிதானமாக நக்கினார்.

"வசனத்தை லூசியேன் எழுதட்டும்" என்றார். "டைரக்டரும் லூசியேன்தான். இந்த அம்மாளை வேறு யாரால் சமாளிக்க முடியும்?"

லூசியேன் எச்சில் கையோடு முகத்தைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். எனக்குக் கண்ணில் நீர் வந்துவிட்டது. அவளுக்கு மறுபடி ஜன்னல் இல்லை என்பது என் சொந்தத் தங்கைக்கு நடந்த நல்லது மாதிரி இருந்தது. அந்த அவசரத்தில் செல்லத்தாயியிடம் திரும்பி, மொரேல் சொன்னது முழுவதையும், அதற்கு மேல் என் சந்தோஷத்தையும் சேர்த்து, மூச்சுவிடாமல் பிரெஞ்சிலேயே சொல்லி முடித்தேன்.

செல்லத்தாயி தலையைச் சாய்த்துக் கடைசிவரை கேட்டாள்.

"சரிங்க, மாசியில பூண்டு எடுத்த பெறகு வரச் சொல்லுங்க" என்றாள். "அதுக்கு முன்னால எனக்குச் சோலி கெடக்கு."